இரண்டாவது ரயில் வரும்வரை

அன்புள்ள சேகர்,

நான்கு மாதமாகப் பதில் போடவில்லை, திட்டிக்கொள். மீனாவுக்குப் பெண் பிறந்த செய்தி அறிந்து எல்லோருக்கும் சந்தோஷம். பள்ளிப் பிள்ளைகளுக்கு பஸ்டர் கீட்டன் நடித்த பேசாத சிரிப்புப் படம் ‘ஒன் வீக்’ போடப்போகிறாயாமே! சுந்தரம் சார் கேட்டால் துள்ளிக் குதிப்பார். ஆனால் வேகத்தைப் பார்க்காமல் ஓட்டிவிடாதே.

அது 1920ஆம் வருடப் படம். கேமராவைக் கையால் சுற்றிய காலம். ஒரு சுற்றுக்கு 8 ஃபிரேம் (பிலிமில் பதியும் ஒற்றைப் படம்), நொடிக்கு இரண்டு சுற்று என்பது பழைய கணக்கு. திரையில் ஓட்டம் பறக்க வேண்டுமென்றால் கேமராவை மெதுவாகச் சுற்றுவார்கள். அதனால் துரத்தலை வைத்து வேகத்தை முடிவுசெய்யாதே. யாராவது சும்மா நடந்து வரும் இடத்தைப் பார். நொடிக்கு 18 ஃபிரேமில் தொடங்கி, நடை இயல்பாகத் தெரியும் வரை ஏற்று. 1000 அடி ரீலில் 16,000 ஃபிரேம். 18இல் ஓட்டினால் கிட்டத்தட்ட 15 நிமிடம், 24இல் 11 நிமிடம்தான்.

அதற்கு முன் உன்னிடம் உள்ள வீடியோ ஃபைலை ஒவ்வொரு ஃபிரேமாக நகர்த்திப் பார். நான்கில் ஒன்று முந்தையதன் நகலாக இருந்தால், 18ஐ ஏற்கெனவே 24ஆக நீட்டியிருக்கிறார்கள் என்று அர்த்தம். மறுபடி குறைத்தால் எல்லோரும் தண்ணீருக்குள் நடப்பதுபோல் ஆகிவிடும்.

திரை 4:3தான். இரண்டு பக்கமும் கறுப்பாக இருக்கட்டும். அகலத்தை நிரப்பப் போனால் மேலும் கீழும் வெட்டுப்படும். கால் தெரியாத கீட்டனை வைத்து என்ன செய்வது?

இப்போது என் பெரிய கவலை, கீபோர்டு வாசிக்கும் தம்பி. படத்தில் கீட்டனின் வீடு தண்டவாளத்தில் சிக்கி நிற்கிறது. ரயில் வருகிறது, பக்கத்துத் தண்டவாளத்தில் போய்விடுகிறது. கீட்டனும் மனைவியும் நிம்மதியாக மூச்சு விடுகிறார்கள். எதிர்ப்பக்கத்திலிருந்து இன்னொரு ரயில் வந்து வீட்டை நொறுக்குகிறது. பொம்மை வீடு இல்லை சேகர், முழு அளவில் நிஜமாகவே கட்டிய வீடு! முதல் ரயிலுக்குத் தம்பி எவ்வளவு வேண்டுமானாலும் முழக்கட்டும். அது கடந்ததும் கையை எடுத்துவிட வேண்டும். இரண்டாவது ரயிலுக்கு முன்னால் ஒரு சுரம்கூடக் கூடாது. இசை முந்திக்கொண்டால் பிள்ளைகள் உஷாராகிவிடுவார்கள், சிரிப்பு போய்விடும். வேகம் கூடினாலும் இதே கதிதான்: அவர்கள் நிம்மதியாவதற்குள் வீடு போய்விடும். விழுகிற ஒவ்வொரு முறையும் ‘டமால்’ போடுவதையும் நிறுத்தச் சொல்.

ஒத்திகை என்றைக்கு என்று எழுது. அந்த இடத்தை மட்டுமாவது அவர் மூன்று முறை வாசித்துப் பார்க்கட்டும்.

அன்புடன்,
ரகு