மொலியேரைக் கொஞ்சம் எழுந்து நின்று படிப்போமா?

அன்புள்ள ஆசிரியருக்கு,

வணக்கம். சென்ற இதழில் வந்த, பதினேழாம் நூற்றாண்டுப் பிரெஞ்சு நாடகாசிரியரும் நடிகருமான மொலியேர் பற்றிய கட்டுரையை ஆசையோடு படித்தேன். பிரெஞ்சு நகைச்சுவை நாடகங்களைப் பற்றித் தமிழில் யாராவது எழுதுவதே அபூர்வம். புதுச்சேரியில் பல வருஷம் பிரெஞ்சு வாத்தியாராக இருந்தவன் என்பதால் இரண்டு வார்த்தை சொல்லலாம் என்று உட்கார்ந்தேன். இரண்டோடு நிற்காது போலிருக்கிறது, பொறுத்துக்கொள்ளுங்கள்.

முதலில் ஒரு திருத்தம். மொலியேர் மேடையிலேயே உயிரை விட்டதாகக் கட்டுரை சொல்கிறது. பலரும் அப்படித்தான் சொல்கிறார்கள். 1673 பிப்ரவரி 17 அன்று 'கற்பனை நோயாளி' நாலாவது முறையாக மேடையேறியது. நோயாளி வேஷம் கட்டியிருந்த மொலியேருக்கு நிஜமாகவே உடம்பு முடியாமல் போனது. எப்படியோ சமாளித்து நாடகத்தை முடித்துக்கொடுத்துவிட்டு, வீட்டுக்குப் போன பிறகுதான் இறந்தார்.

சரி, அது சின்ன விஷயம். எனக்குப் பெரிய குறை வேறு. மாணவர்கள் இந்த நாடகங்களை 'சமூக விமர்சனமாக'ப் படிக்க வேண்டும், கருமித்தனம், போலி பக்தி, பகட்டு என்று ஒவ்வொன்றுக்கும் ஒரு பாத்திரம் இருக்கிறது என்று கட்டுரையாளர் சொல்கிறார். தேர்வுக்கு அது போதும். 'கருமி' நாடகத்தின் கதாநாயகனை வைத்து 'அர்ப்பகோனின் பாத்திரப் படைப்பை விளக்குக' என்றால் இரண்டு பக்கம் எழுதிவிடலாம். ஆனால் அப்படிப் படித்த பிள்ளைகளில் ஒருவர்கூட வகுப்பில் சிரித்து நான் பார்த்ததில்லை. காமெடி நாடகத்தைப் படித்துவிட்டுச் சிரிக்காமல் எழுந்து போவதைப் படிப்பு என்று எப்படிச் சொல்வது?

இதை மொலியேரே சொல்லியிருக்கிறார். 1665-இல் போட்ட 'காதல் வைத்தியர்' என்ற சின்ன நாடகத்தை அச்சுக்குக் கொடுத்தபோது, நாடகம் எழுதப்படுவது நடிக்கத்தான், படிக்கும்போதே மேடையைக் கண்ணில் பார்க்கத் தெரிந்தவர்கள் மட்டும் இதைப் படியுங்கள் என்று வாசகருக்கு முன்கூட்டியே சொல்லிவிடுகிறார். எழுதும்போதே நடிகரின் உடம்பைப் பார்த்து எழுதியவர் அவர். 1668-இல் வந்த 'கருமி'யில் அர்ப்பகோன் வேஷம் அவருடையது. அவருக்கோ தீராத இருமல். அதனால் அர்ப்பகோனுக்கும் இருமல் வந்துவிட்டது. கல்யாணத் தரகு பேச வரும் ஃப்ரோசீன், நீங்கள் இருமுவதுகூட அழகுதான் என்று ஐஸ் வைக்கிறாள். மொலியேரின் நாடகக் குழுவில் லூயி பெஜார் என்ற நடிகர் கால் தாங்கி நடப்பார். அவர் நடித்த வேலைக்காரனைப் பார்த்து அர்ப்பகோன் 'அந்த நொண்டி நாய்' என்று எரிந்து விழுகிறான். இன்றைக்கு அந்த வசனம் காதுக்கு உறுத்தத்தான் செய்கிறது. ஆனால் அது எங்கிருந்து வந்தது என்று தெரிந்தால், புத்தகப் பக்கத்தில் இருப்பது வெறும் எழுத்தில்லை என்பதும் தெரியும்.

இரண்டு வருஷத்துக்கு முன்னால் ஒரு கல்லூரி விழாவில் இதே 'கருமி'யைப் பார்த்தேன். கல்லூரியின் பெயர் வேண்டாம். அர்ப்பகோனுக்குக் கிழிந்த கோட்டு, ஒட்டு மூக்கு, மாறுகண். வசனத்துக்கு ஒரு சேஷ்டை. முதல் பத்து நிமிஷம் கூட்டம் விழுந்து விழுந்து சிரித்தது, அப்புறம் செல்போனை எடுத்தது. பாவம், அந்தப் பையன் மேல் தப்பில்லை. சிரிக்க வைக்க வேண்டும் என்று சொல்லிக்கொடுத்தவர் மேல்தான் தப்பு.

நாலாவது அங்கத்தின் கடைசியை எடுத்துக்கொள்ளுங்கள். தோட்டத்தில் புதைத்துவைத்த பணப்பெட்டி களவு போய்விட்டது. அர்ப்பகோன் 'திருடன், திருடன்' என்று கத்திக்கொண்டு ஓடி வருகிறான். யாரோ ஒருவனின் கையைப் பிடித்துவிட்டான், 'கொடுடா என் பணத்தை'. பார்த்தால் அது அவன் கைதான். பிறகு அரங்கத்தைப் பார்க்கிறான். இத்தனை பேர் கூடியிருக்கிறார்களே, இவர்களில் யார் எடுத்தது? எல்லோரும் என்னைப் பார்க்கிறார்கள், சிரிக்க வேறு செய்கிறார்கள்! பிள்ளையைப் பறிகொடுத்தவன் மாதிரி அவன் நிஜமாகவே துடித்தால்தான் கூட்டம் சிரிக்கும். கூட்டம் சிரித்தால்தான் அவன் சந்தேகத்துக்கு அர்த்தம் வரும். தான் வேடிக்கை செய்கிறோம் என்று அவனுக்கே தெரிந்துவிட்டால் எல்லாம் போச்சு.

'தார்த்தூஃப்' நாடகத்தில் இது இன்னும் கறாராக இருக்கிறது. தார்த்தூஃப் என்ற போலி பக்தனை வீட்டில் வைத்துக் கொண்டாடுகிறவன் ஓர்கோன். ஊரிலிருந்து திரும்பும் ஓர்கோன் வீட்டில் எல்லோரும் சௌக்கியமா என்று கேட்கிறான். எஜமானி அம்மாவுக்குக் காய்ச்சல், தலைவலி என்கிறாள் பணிப்பெண் தொரீன். 'தார்த்தூஃப் எப்படி இருக்கிறார்?' அவருக்கென்ன, கொழுகொழுவென்று இருக்கிறார். 'ஐயோ, பாவம்!' அம்மா ராத்திரி ஒரு வாய் சாப்பிடவில்லை. 'தார்த்தூஃப்?' இரண்டு கௌதாரியும் அரைத் தொடை ஆட்டுக்கறியும் பக்தியோடு சாப்பிட்டார். 'ஐயோ, பாவம்!' இப்படி நாலு சுற்று. நாலு தடவையும் ஓர்கோனிடம் அதே கேள்வி, அதே 'ஐயோ, பாவம்!' நாலையும் ஒரே அக்கறையோடு சொல்ல வேண்டும். 'கொஞ்சம் வெரைட்டி கொடுக்கட்டுமா சார்?' என்று கேட்காத மாணவர் கிடையாது. கொடுத்தால் மூன்றாவதிலேயே சிரிப்பு செத்துவிடும். மனைவியின் காய்ச்சல் அவன் காதில் ஏறவே இல்லை என்பதில்தான் சிரிப்பும் இருக்கிறது, பயமும் இருக்கிறது. 1664-இல் வெர்சாய் அரண்மனையில் நடந்த இந்த நாடகம் பொதுமேடைக்கு வராமல் தடையானது. 1669 வரை போராட வேண்டியிருந்தது. போலி பக்தனைக் கோமாளியாக மட்டும் காட்டியிருந்தால் இத்தனை எதிர்ப்பு வந்திருக்குமா?

மேடையேற்ற நினைக்கும் ஆசிரியர்களுக்கு நான் முதலில் சொல்வது 1663-இல் வந்த 'வெர்சாய் திடீர் நாடகம்'. மொலியேர் மொலியேராகவே வந்து தன் குழுவுக்கு ஒத்திகை நடத்துகிறார். ராஜா வேஷம் என்றால் தொந்தியும் தொண்டையும் வேண்டும் என்று நினைத்த போட்டிக் குழுவினரை ஒவ்வொருவராக நடித்துக் காட்டிக் கிண்டலடிக்கிறார். கடைசி வரியை அழுத்திச் சொன்னால்தான் கைத்தட்டு விழும் என்கிற கொள்கையும் அதில் மாட்டிக்கொள்கிறது. நம் ஊர் ஆண்டு விழாக்களை நேரில் வந்து பார்த்துவிட்டுப் போனாரோ என்று இருக்கும்.

உடை, காலம், இடம் எதை மாற்றினாலும் எனக்கு ஆட்சேபணை இல்லை. மொலியேர் பிறந்த 400-ஆம் ஆண்டான 2022-இல் பாரிஸின் புகழ்பெற்ற நாடக அரங்கான கொமேதி பிரான்சேஸே 'தார்த்தூஃப்'பை இன்றைய உடையில் போட்டது. அர்ப்பகோன் வேட்டியில் வரட்டுமே! மகள் எலீஸை ஐம்பது வயதுக்காரருக்குக் கொடுக்க அவன் சொல்லும் ஒரே காரணம், அவர் வரதட்சணை கேட்கவில்லை என்பது. யார் எந்த ஆட்சேபணை சொன்னாலும் அதையே திருப்பித் திருப்பிச் சொல்கிறான். அந்தக் காட்சிக்கு இங்கே யாருக்கும் விளக்கவுரை தேவைப்படாது.

ஒரு வேண்டுகோள். அடுத்து மொலியேரைப் பற்றி எழுதும்போது வாழ்க்கை வரலாற்றைக் குறைத்துக்கொண்டு ஒரு காட்சியை முழுசாகத் தமிழில் போடுங்கள். 'தார்த்தூஃப்' முதல் அங்கம், நாலாம் காட்சி. உங்கள் இதழில் இரண்டு பக்கத்துக்கு மேல் போகாது, நடிக்க மூன்று பேர் போதும். அந்த மூன்றாவது ஆள் ஓர்கோனின் மைத்துனன். பெரும்பாலும் சும்மா நிற்கிற வேஷம்தான், பாடம் வராத பையனுக்கு அதைக் கொடுத்துவிடலாம்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற பிரெஞ்சு ஆசிரியர் ஒருவர்,
புதுச்சேரி