ஃப்ரேயெல் தட்டு

அன்புள்ள குமார்,

இங்கே எல்லோரும் சுகம். அம்மாவின் கண் ஆபரேஷன் நல்லபடி முடிந்ததாக மணி சொன்னான், சந்தோஷம். அவனுடைய புது ஸ்கூட்டர் கதையை நேரில் பேசிக்கொள்வோம்.

பாரிஸ் பழைய பொருள் சந்தையில் உனக்கு பிரெஞ்சுப் பாடகி ஃப்ரேயெலின் 78 தட்டு (நிமிடத்துக்கு 78 சுற்று சுற்றும் பழைய கிராமபோன் தட்டு) கிடைத்திருக்கிறது. அதை மூன்று வரியில் எழுதிவிட்டு, "பியாஃப் மாதிரி பாடுகிறாள்" என்று முடித்துவிட்டாயே! பிரெஞ்சுப் பாடகி எடித் பியாஃபை 1935இல் தெருவிலிருந்து மேடைக்கு அழைத்து வந்தபோது, இவள் பாடத் தொடங்கிக் கால் நூற்றாண்டுக்கு மேல் ஆகியிருந்தது. யார் மாதிரி யார் என்று நீயே சொல்.

முதலில் தட்டைக் காப்பாற்று. ஸ்பிரிட் போட்டுத் துடைத்துவிடாதே, தட்டின் அரக்கு கரைந்துவிடும். காய்ச்சி வடித்த தண்ணீரில் ஒரு சொட்டு மென்மையான சோப்பு போதும், லேபிள் நனையக் கூடாது. பிற்காலத்து எல்பி தட்டுக்கான ஊசியை வைக்காதே. 78இன் பள்ளம் அகலம், அங்குலத்தில் ஆயிரத்தில் மூன்று பங்கு முனையுள்ள ஊசி வேண்டும். மெல்லிய ஊசி அடிவரை இறங்கி அங்கே தங்கிய தூசியைத்தான் வாசிக்கும். ஆம்பிளிஃபையரின் போனோ இணைப்பு எல்பி கணக்குக்கு உச்ச ஸ்தாயியைக் குறைத்துவிடும். ட்ரெபிளைச் சற்று ஏற்றிவை. இல்லாவிட்டால் அவள் கடித்துத் துப்பும் மெய்யெழுத்தெல்லாம் மழுங்கிப்போகும், அவள் பாட்டின் பாதி அங்கேதான் இருக்கிறது. இரு பக்க ஒலியையும் ஒன்றாகக் கலக்கும் மோனோவில் வை, இரைச்சல் குறையும். ஆனால் அதே பெட்டியில் பாத்தே கம்பெனியின் பழைய தட்டு இருந்தால் ஜாக்கிரதை. அவற்றில் பள்ளம் பக்கவாட்டில் ஆடாமல் மேலும் கீழுமாக ஓடும், மோனோ போட்டால் பாட்டே காணாமல்போகும்.

இனி அவளைப் பற்றி. 1891இல் பாரிஸில் பிறந்தவள், பிரான்சின் மேற்கே உள்ள பிரெத்தாஞ் பகுதிக் குடும்பத்துப் பெண். பெர்வாங்ஷ் என்ற பெயரில் பாடத் தொடங்கி, பிறகு பிரெத்தாஞ் கரையிலுள்ள ஃப்ரேயெல் முனையின் பெயரை வைத்துக்கொண்டாள். கணவன் இன்னொரு பாடகி தாமியாவிடம் போனான். பிறகு காதலரான பாடகர் மொரிஸ் ஷெவாலியே மேடை நட்சத்திரம் மிஸ்தெங்கெத்திடம் போனார். அவள் கிழக்கே ருமேனியா, துருக்கி என்று போய், குடியிலும் கொக்கெயினிலும் உடம்பைத் தொலைத்துவிட்டு 1923இல் திரும்பினாள். பாரிஸ் அடையாளம் காணாத அளவுக்குப் பருத்திருந்தாள். குரல் மட்டும் தடித்து, கனிந்து, முன்னிலும் பெரிதாகியிருந்தது. அந்தக் குரலுக்குத்தான் கூட்டம் மறுபடி வந்தது.

இயக்குநர் துய்விவியே 1937இல் வெளியிட்ட, அவளும் நடித்த 'பெப்பே ல மொக்கோ' படத்தைக் கட்டாயம் பார். அல்ஜியர்ஸ் நகரின் பழைய பகுதியான கஸ்பாவில் ஓர் அறை. சுவரில் அவளுடைய இளமைக்காலப் படம். கிராமபோனில் தான் பாடிய 1926இன் 'ஊ எத்தில் தோங்' பாட்டை வைக்கிறாள். பிளாஸ் பிளாங்ஷ் சதுக்கத்தின் காற்றாலை எங்கே, மூலைக் கடை எங்கே என்று காணாமல்போன பாரிஸைத் தேடும் பாட்டு. தட்டில் பாடும் குரலோடு தானும் சேர்ந்து பாடுகிறாள், கண்ணீர் வழிகிறது. நாற்பத்தைந்து வயதுதான் அப்போது. இதற்கு மேல் அவளைப் பற்றி யார் என்ன எழுதிவிட முடியும், குமார்? 1951இல் பாரிஸின் பிகால் பக்கத்து ஓட்டல் அறையில் கையில் காசில்லாமல் செத்துப்போனாள். அதை நினைத்தால் எனக்கு இன்னமும் ஆற்றாமைதான்.

உன் தட்டு அவள் பாடிய 'லா ஜாவா ப்ளெ' என்றால் அக்கார்டியனையும் கவனித்துக் கேள். ஒரே சுரத்துக்குச் சற்றே சுருதி பிசகிய ரீடுகள் சேர்ந்து ஒலிப்பதால்தான் அந்த நடுக்கம்.

லேபிளுக்கும் கடைசிப் பள்ளத்துக்கும் நடுவே ஓர் எண் பொறித்திருக்கும். டார்ச்சைச் சாய்த்துப் பிடித்தால் தெரியும். இரண்டு பக்க எண்ணையும் குறித்து அனுப்பு; எந்தப் பதிவு என்று பார்த்துச் சொல்கிறேன்.

அன்புடன்,
ரவி