‘நாத யுகம்’ பலகையில் ‘கற்பனை’ என்று எழுதுங்கள்

மரபுக் கண்காட்சிக் குழுவினருக்கு,

வணக்கம். மூன்றாவது அறையில், நுழைந்ததும் இடப்பக்கம் இருக்கும் பலகையைப் பற்றித்தான் இந்த மடல். எந்தப் பலகை என்று உங்களுக்கே தெரியும். இரண்டு முறை நேரில் வந்து சொல்லியாயிற்று. மூன்றாம் முறை, எல்லோரும் படிக்கும்படி எழுதுகிறேன்.

‘நாத யுகம்’ என்று ஒரு காலம் இருந்ததாகவும், அப்போது சேகண்டி என்னும் வட்ட உலோகத் தட்டை ஒருமுறை தட்டினால் நண்பகல் இரண்டு நாழிகை நீண்டதாகவும், முரசு முழங்கினால் இரவு சுருங்கியதாகவும் அதில் எழுதியிருக்கிறீர்கள். பக்கத்தில் கண்ணாடிப் பேழைக்குள் ஒரு சேகண்டி. பலகையின் நிறம், அளவு, எழுத்து எல்லாம் அடுத்த அறையில் முதுமக்கள் தாழிக்கு வைத்திருக்கும் பலகையைப் போலவேதான். தாழி மண்ணிலிருந்து வந்தது. யுகம் உங்கள் எழுத்தாளரின் மனதிலிருந்து வந்தது. பார்க்க வருகிறவருக்கு இந்த வேறுபாடு எப்படித் தெரியும்?

என் வகுப்பில் தெரியவில்லை. ஒன்பதாம் வகுப்புக் காலாண்டுத் தேர்வில், ‘பண்டைத் தமிழர் பொழுதை எவ்வாறு அளந்தனர்?’ என்று ஐந்து மதிப்பெண்ணுக்கு ஒரு கேள்வி கேட்டிருந்தேன். எந்தக் கேள்விக்கும் அரைப் பக்கத்தோடு நிறுத்திக்கொள்ளும் மாணவி ஒருத்தி இதற்கு ஒன்றரைப் பக்கம் எழுதியிருந்தாள். நாத யுகம், சேகண்டி, நீண்ட நண்பகல். கீழே ஸ்கேல் வைத்துக் கட்டம் போட்டு, பென்சிலால் ஒரு சேகண்டி. அதிலிருந்து கிளம்பும் வளைகோடுகள், அம்புக்குறி, பாகங்களின் பெயர். ஓரிடத்திலும் அடித்தல் திருத்தல் இல்லை. அந்த விடைக்கு நான் சுழியம் போட்டேன்.

விடைத்தாள் கொடுத்த அன்று மதியம் ஆசிரியர் அறை வாசலில் வந்து நின்றாள். அழவில்லை. வரலாற்று நோட்டைத் திறந்து காட்டினாள். உங்கள் பலகையில் இருப்பதை ஒரு வரி விடாமல் எழுதி வைத்திருந்தாள். கண்காட்சிக்குக் கூட்டிப்போன அன்று, ‘எல்லாரும் குறிப்பெடுத்துக்கோங்க’ என்று சொன்னவள் நான்தான். “போர்டுல இருந்ததைத்தானே மிஸ் எழுதினேன்?” என்றாள். நான் என்ன பதில் சொல்ல? மதிப்பெண்ணைத் திருத்தவும் முடியாது, திருத்தாமல் இருக்கவும் மனம் ஒப்பவில்லை. அந்தத் தாள் இன்னும் என் மேசை இழுப்பறையில்தான் கிடக்கிறது.

இதை உங்களிடம் சொன்னபோது, “அது ஒரு கான்செப்ட் மேடம், யாரும் நிஜம்னு நம்ப மாட்டாங்க” என்றார் உங்களில் ஒருவர். நம்பியவளுக்குப் பதின்மூன்று வயது. நம்பச் சொல்லி அவளைக் கூட்டிவந்தது பள்ளிக்கூடம். ஆகவே முதலில் கேட்டதையே மறுபடியும் கேட்கிறேன்: அந்தப் பலகையின் தலைப்பிலேயே, தலைப்பின் எழுத்தளவிலேயே, ‘கற்பனை’ என்று எழுதுங்கள்.

எனக்குக் கற்பனைமேல் பகையில்லை. ஓசையால் பொழுது வளையும் ஒரு காலத்தை நினைத்துப் பார்த்த எழுத்தாளரின் கை நல்ல கை. வாசித்தபோது எனக்கும் பிடித்தது. ஆனால் ஓசைக்கும் பொழுதுக்கும் நம் மண்ணில் மெய்யாகவே இருந்த உறவு அதே அறையில் ஒரு வரியாகக்கூட இல்லை. அதுதான் நெஞ்சில் குத்துகிறது. முல்லைப்பாட்டில், பாசறையில் இருக்கும் அரசனிடம் வந்து, கன்னல் என்னும் நீர்க்கடிகாரத்தில் நீர் இறங்கிய கணக்கைப் பார்த்து, இத்தனை நாழிகை ஆயிற்று என்று வாழ்த்தி உரைக்கிறார்கள். பொழுதை அளந்தது நீர். அரசனுக்கு அதைக் கொண்டுபோய்ச் சேர்த்தது மனிதக் குரல். அந்தக் குரலுக்கு உரியவர்களைப் புலவர் என்ன சொல்லி அழைக்கிறார் தெரியுமா? ‘பொழுது அளந்து அறியும் பொய்யா மாக்கள்.’ ஒரு நாளுக்கு 60 நாழிகை, நாழிகைக்கு 24 நிமிடம் என்று இன்றைய கணக்கில் சொன்னாலே பிள்ளைகள் விரல்விட்டு எண்ணத் தொடங்கிவிடுவார்கள்.

இன்னொன்றும் உண்டு. நுங்கம்பாக்கம் வானாய்வகத்தில் இருந்த ஜான் கோல்டிங்ஹாம், புனித ஜார்ஜ் கோட்டையிலும் பரங்கிமலையிலும் வெடித்த பீரங்கிகளை வைத்து ஒலியின் வேகத்தை அளந்தார். வெளிச்சம் கண்ணில் பட்ட நொடிக்கும் சத்தம் காதில் விழுந்த நொடிக்கும் உள்ள இடைவெளிதான் கணக்கு. மாதத்துக்கு மாதம், வெயிலுக்குத் தக்கபடி விடை மாறியது. 1823இல் அது அச்சாகியும் வந்தது. காற்று 20 டிகிரியில் இருக்கும்போது ஒலி நொடிக்கு ஏறத்தாழ 343 மீட்டர் போகிறது. அப்படியானால் பீரங்கிச் சத்தத்தைக் கேட்டுக் கடிகாரத்தைத் திருத்துகிறவர் 5 கிலோமீட்டர் தள்ளி இருந்தால், அவருடைய கடிகாரம் கிட்டத்தட்ட 15 நொடி பின்தங்கிவிடும். ஓசை பொழுதை வளைத்தது என்று சொல்ல இதைவிட என்ன வேண்டும்? பையன்களைத் திடலின் ஒரு கோடியில் நிறுத்தி, மறு கோடியில் தட்டைத் தட்டிக் காட்டலாம். தட்டுவது முன்னால் தெரியும், சத்தம் பின்னால் வரும்.

நம் வரலாற்றைப் பெரிதாக்கிக் காட்ட வேண்டும் என்ற ஆசையில்தான் இப்படியெல்லாம் நடக்கிறது என்று நினைக்கிறேன். அலைபேசியில் தினமும் காலையில் வந்து விழும் ‘நம் முன்னோர் அன்றே கண்டது’ செய்திகளை மறுத்து மறுத்து எனக்குத் தொண்டை வறண்டுவிட்டது. ஒரு வகுப்பில் பாதி நேரம் அதற்கே போகிறது. வீட்டுக்குப் போனால் உறவுக்காரர்களிடம் மறுபடி அதே வழக்கு. பானை ஓட்டில் கீறிய ஒரு பெயருக்காக வெயிலில் குழிக்குள் உட்கார்ந்து தூரிகையால் மண் தள்ளுகிறவர்களின் உழைப்பை, ஒரே இரவில் எழுதிய யுகம் ஒன்று அதே சுவரில் வந்து தொங்கி மலிவாக்கிவிடுகிறது. இந்தப் பலகையைக் கண்ட பிள்ளை நாளை தாழியையும் சந்தேகப்படாதா?

கோபத்தில் எங்கோ போய்விட்டேன், பொறுத்துக்கொள்ளுங்கள். பலகையை எடுக்கச் சொல்லவில்லை. கதை இருக்கட்டும், சேகண்டியும் இருக்கட்டும். புதுப் பலகை அடிக்கச் செலவாகும் என்றீர்கள். ஒரு ஸ்டிக்கர் போதும். மூலையில் பொடி எழுத்தில் வேண்டாம், தலைப்பை ஒட்டி ‘கற்பனை’ என்று இருக்க வேண்டும். கண்காட்சி இம்மாத இறுதிவரை நடக்கிறது, அடுத்த வாரம் மேலும் பல பள்ளிகள் வரப்போகின்றன என்றும் நீங்களே சொன்னீர்கள். அவர்கள் வருவதற்குள் தயவுசெய்து இதைச் செய்துகொடுங்கள். ஆள் இல்லை என்றால் சொல்லுங்கள், சனிக்கிழமை நானே வந்து ஒட்டுகிறேன். அந்த மாணவியையும் கூட்டி வருகிறேன்.

இப்படிக்கு,
ஒரு வரலாற்று ஆசிரியை