30 நாள்ல முடிக்க வேண்டிய தடை மனு நாலு வருஷமா கிடக்குது: ஐகோர்ட் நீதிபதிகளுக்கு ஒரு திறந்த மடல்

மாண்புமிகு சென்னை ஐகோர்ட் நீதிபதிகளுக்கு வணக்கம்.

போன செவ்வாய்க்கிழமை எங்கப்பா கீழ் கோர்ட் வராண்டாவுல மயங்கி விழுந்துட்டாரு. வயசு 71, சுகர் வேற. வாய்தா அன்னைக்கு காலைல இருந்தே தண்ணி குடிக்க மாட்டாரு, பாத்ரூம் போன நேரம் பார்த்து பேரைக் கூப்பிட்டு, ஆள் இல்லன்னு எக்ஸ்பார்ட்டி ஆக்கி, எங்க தரப்பைக் கேக்காமலே முடிச்சிடுவாங்களோன்னு பயம். வக்கீல் இருக்காரு, நீங்க வரவே வேணாம்னு சொன்னாலும் கேக்க மாட்டாரு, மடிச்சு வச்ச வெள்ளை வேட்டியைக் கட்டிக்கிட்டு முதல் பஸ்ஸுக்கே கிளம்பிடுவாரு. அன்னைக்கும் எங்க நிலத்து மேல இருக்குற தடை மனுவை எடுக்கல. அடுத்த மாசத்துக்கு தள்ளி வச்சாச்சு.

இந்த மனு என்னன்னு உங்களுக்கு நான் விளக்க வேண்டியதில்ல, தினமும் பாக்குறதுதான். 1994-ல பாகம் பிரிச்சு ரிஜிஸ்டர் பண்ணி, பட்டா மாறி, வில்லங்கம் போட்டா சுத்தமா இருக்குற 1 ஏக்கர் 20 சென்ட். கடனை அடைக்க அதுல 40 சென்ட்டை விக்க அட்வான்ஸ் வாங்குனோம், உடனே சித்தப்பா மகன் பாகம் சரியில்லன்னு கேஸ் போட்டாரு. எங்களைக் கேக்காமலே இடைக்கால தடை, அதுவும் மொத்த நிலத்துக்கும். அது 2021 அக்டோபர்.

அட்வான்ஸ் 3 லட்சமும் பழைய கடனுக்கே போயிடுச்சு. கிரயம் பண்ண முடியலன்னதும் வாங்க வந்தவர் பணத்தைத் திருப்பிக் கேட்டாரு, அவர் மேல ஒரு தப்பும் இல்ல. ரெண்டு ரூபா வட்டிக்கு வாங்கிக் குடுத்தோம். மாசம் 6,000, இன்னைக்கு வட்டியே அசல் கிட்ட வந்துடுச்சு. காரணமில்லாம தடை வாங்குனதா தெரிஞ்சா நஷ்ட ஈடு கேக்கலாம்னு சிவில் நடைமுறைச் சட்டம் 95-வது பிரிவு சொல்லுதாம், ஆனா அதுல உச்சவரம்பு 50,000 ரூபாய். எங்களுக்கு அது ஒன்பது மாச வட்டிக்குக் கூட காணாது.

தடையே குடுக்காதீங்கன்னு நான் சொல்லல. கூடப் பொறந்தவளுக்குத் தெரியாம சொத்தை வித்துட்டுப் போற அண்ணன்மாரை எங்க ஊர்லயே பார்த்திருக்கேன், 1989-ல தமிழ்நாட்டுல பொண்ணுங்களுக்கும் பூர்வீகச் சொத்துல பங்குன்னு சட்டம் வந்தும் அந்தப் பங்கைக் காப்பாத்த பல பேருக்கு இந்த தடை உத்தரவுதான் கைகுடுத்துச்சு. நான் கேக்குறது ஒண்ணுதான். எதிர்தரப்பைக் கேக்காம குடுத்த தடையை 30 நாள்ல விசாரிச்சு முடிக்க முயற்சி பண்ணணும், முடியலன்னா காரணத்தை எழுதி வைக்கணும்னு அதே சிவில் நடைமுறைச் சட்டத்தோட ஆர்டர் 39, ரூல் 3ஏ சொல்லுது. அந்த 30 நாளை நடைமுறைக்குக் கொண்டு வாங்க.

எங்க கேஸ் கட்டுல ஒரு காரணமும் எழுதல. கவுண்டருக்கு (பதில் மனுவுக்கு), வாதத்துக்கு, நீதிபதி லீவு, எதிர் வக்கீல் டைம் கேட்டாரு, இதுதான் இருக்கு. 30 நாள்ல முடியலன்னா அப்பீல் போகலாம்னு 2000-லயே சுப்ரீம் கோர்ட் சொல்லியிருக்குன்னு வக்கீல் சொல்றாரு, சரி, அதுக்கு செலவு யார் பண்றது, வட்டி கட்டவே வழியில்லாதவன் இன்னொரு கோர்ட் படி ஏறணுமா? கேஸ் நடக்கும்போது சொத்தை வித்தாலும் வாங்குறவர் தீர்ப்புக்குக் கட்டுப்பட்டவர்தான்னு சொத்து மாற்றுச் சட்டம் 52-வது பிரிவு இருக்கு. தடை இல்லன்னாலும் கேஸ் போட்டவருக்கு அந்தப் பாதுகாப்பு உண்டு, எங்களுக்குன்னு இருக்குறது இந்த 30 நாள் மட்டும்தான், அதையும் யாரும் கண்டுக்கலன்னா நாங்க எங்க போய் நிக்கிறது? வருஷக்கணக்கா இழுத்தடிச்சா நாங்களே நொந்துபோய் ஏதாவது குடுத்து சமாதானம் பேசுவோம்னு கேஸ் போட்டவங்களுக்கு நல்லாவே தெரியும், அந்த தைரியத்தைக் குடுக்கிறது கோர்ட்டோட தாமதம்தான்.

கோவத்துல கொஞ்சம் கூட பேசியிருந்தா மன்னிச்சுக்கங்க. கீழ் கோர்ட்டுகளை மேற்பார்வை பாக்குற பொறுப்பு உங்ககிட்ட இருக்கறதால பணிவா கேக்குறேன். ஒவ்வொரு மாவட்டத்துலயும் 30 நாள் தாண்டி நிக்கிற எக்ஸ்பார்ட்டி தடை மனுக்களை மாசம் ஒரு தடவை லிஸ்ட் எடுத்து, அதையெல்லாம் முதல்ல விசாரிக்கச் சொல்லுங்க. மொத்த நிலத்துக்கும் தடை வேணுமா, தகராறு இருக்குற பங்குக்கு மட்டும் போதுமா, வித்த பணத்துல ஒரு பகுதியை கோர்ட்ல கட்டச் சொன்னா ஆகாதான்னும் பாக்கச் சொல்லுங்க. எங்களுக்கு எதிரா வந்தாலும் பரவால்ல, ஏதோ ஒரு உத்தரவு கையில வரட்டும். அடுத்த வாய்தாவுக்கும் எங்கப்பா தண்ணி குடிக்காமத்தான் வருவாரு, அன்னைக்காவது அந்த மனுவை எடுக்கச் சொல்லுங்க.

இப்படிக்கு,
ஒரு பிரதிவாதியோட மகன்