டச்பேயில கொரியன் ஸ்டெப்
ஆசிரியர் ஐயாவுக்கு வணக்கம்,
போன ஞாயிறு பின்னேரம் திருகோணமலை டச்பே கடற்கரையில கச்சான் கொறிச்சுக்கொண்டு இருக்கேக்க நாலு பெட்டையள் போனை ஒரு செருப்பில சாத்தி வச்சிட்டு கொரியன் பாட்டுக்கு ஆடிச்சினம், ஒரு ஸ்டெப் பிழைச்சா திரும்ப முதல்ல இருந்து, ஏழெட்டுத் தரம், அந்தப் பொறுமை எனக்கு ஓஎல் சோதனைக்குப் படிக்கேக்க இருந்ததில்ல. 2013ல வந்த பிடிஎஸ் எண்ட கொரியன் பாட்டுக் குழு ஆக்கள் ஏழு பேரின்ட பேரும் என்ட மகளுக்குத் தலைகீழ்ப் பாடம். அது பரவாயில்ல. இந்தியாவில 2020லயே டிக்டொக்கைத் தடை செய்திட்டாங்கள், இங்க இலங்கையில இன்னும் ஓடுது, ஆனா வீட்டில "வாங்கோ" எண்டு கூப்பிடுற பிள்ளை கமராவுக்கு முன்னால மட்டும் சென்னைக்காரர் மாதிரி "வாங்க ப்ரோ" எண்டுது, எனக்கு அதுதான் குத்துது. உங்கட இளைஞர் பக்கத்தில எங்கட பெடியளைத் திருமலைப் பேச்சிலயே எழுத விடுங்கோவன்.
இப்படிக்கு,
உப்புவெளி வாசகர்