திரைப்பட ரசனைச் சங்கம்: 2024-25 ஆண்டறிக்கை

மதிப்பிற்குரிய தலைவர் அவர்களே, செயற்குழுவினரே, உறுப்பினர்களே, வணக்கம்.

சென்ற பொதுக்குழுவின் தீர்மானப்படி, இந்த ஆண்டுத் திரையிடல்கள் அனைத்தும் தென்கொரிய இயக்குநர் ஹாங் சாங்-சூவுக்கு ஒதுக்கப்பட்டன. "ஒரே ஆளோட படத்தை வருஷம் பூரா யாரு பாப்பா?" என்று எழுந்த ஆட்சேபமும் தீர்மானப் புத்தகத்தில் பதிவாகியுள்ளது.

1960-இல் சியோலில் பிறந்த இவர், அமெரிக்காவில் படித்துத் திரும்பி, 1996-இல் முதல் படத்தை எடுத்தார். இன்று 30 படங்களைத் தாண்டிவிட்டார். இத்தனைக்கும் பணம் எங்கிருந்து வருகிறது என்று உறுப்பினர்கள் கேட்டபடியே இருந்தார்கள். பணம் அதிகம் தேவைப்படாத அளவுக்கு வேலையைச் சுருக்கிக்கொண்டார் என்பதுதான் பதில். ஜோன்வொன்சா என்ற சொந்த நிறுவனம், விரல்விட்டு எண்ணக்கூடிய குழு. அன்றைய காட்சிக்கான வசனத்தை அன்று காலையில்தான் எழுதுகிறார். அண்மைப் படங்களில் ஒளிப்பதிவு, படத்தொகுப்பு, இசை எல்லாம் அவரே. நடிகை கிம் மின்-ஹீதான் தயாரிப்பு நிர்வாகி. கதையோடு தயாரிப்பாளர் வீட்டு வாசலில் நிற்கும் நம் இளைய உறுப்பினர்கள் இதைக் கவனிக்கவேண்டும்.

அதிகம் பேசப்பட்டது, சுவிட்சர்லாந்தின் லொகார்னோ திரைப்பட விழாவில் தங்கச் சிறுத்தை விருது பெற்ற 'ரைட் நவ், ராங் தென்' (2015). சுவோன் நகருக்கு வரும் இயக்குநர் ஒருவர் ஓவியம் வரையும் பெண்ணைச் சந்திக்கிறார், பேசுகிறார்கள், குடிக்கிறார்கள். பாதியில் தலைப்பு மறுபடி வந்து அதே நாள் மீண்டும் தொடங்குகிறது. உடனே மூத்த உறுப்பினர் ஒருவர் எழுந்து, "தம்பி, போட்டதையே திரும்பப் போட்டுட்டீங்க!" என்று புரொஜெக்டர் பக்கம் குரல் கொடுத்தார். முதல் பாதியில் அந்த மனிதர் மணமானவர் என்பது பிறர் வாயால் தெரியவருகிறது. இரண்டாம் பாதியில் சோஜு என்ற கொரிய மதுவைக் குடித்தபடி அவரே சொல்லி அழுகிறார். அந்த ஒரு மாற்றத்தில் நாளே வேறாகிவிடுகிறது. படம் முடிந்தபின் வாசலில் நின்று அதை வெகுநேரம் விளக்கிக்கொண்டிருந்தவரும் அதே மூத்த உறுப்பினர்தான்.

'இன் வாட்டர்' (2023) படத்தின் பெரும்பகுதி வேண்டுமென்றே ஃபோகஸ் இல்லாமல் எடுக்கப்பட்டது. முன்கூட்டியே அறிவித்தும் பலர் எழுந்து போனார்கள். 61 நிமிடப் படம்தான். ஆனால் எனக்கும் அது நீளமாகத்தான் பட்டது.

2020 முதல் 2024 வரை பெர்லின் திரைப்பட விழாவில் நான்கு வெள்ளிக்கரடி விருதுகள் பெற்றிருக்கிறார். படங்கள் ஒன்றுபோலவே இருக்கின்றன என்ற முறையீடு நியாயமானதே. ஆனால் ஆரம்பப் படங்களில் ஆண்கள் அளப்பதைக் கேட்டுக்கொண்டிருந்த பெண்கள், பிந்தைய படங்களில் கதையையே கையில் எடுத்துக்கொள்வதை வரிசையாகப் பார்த்ததால்தான் கவனிக்க முடிந்தது.

வரவு செலவுக் கணக்கைப் பொருளாளர் வாசிப்பார். சந்தா பாக்கி உள்ளவர்கள் இன்றே செலுத்தலாம். வரும் ஆண்டுக்கு, 2018 வரை ஆறே முழுநீளப் படங்கள் எடுத்திருந்த மற்றொரு தென்கொரிய இயக்குநர் லீ சாங்-டோங்கைச் செயற்குழு பரிந்துரைக்கிறது. இவ்வறிக்கையை ஏற்று ஒப்புதல் அளிக்க வேண்டுகிறேன்.

இப்படிக்கு,
செயலாளர்