செயலாளரின் ஆண்டறிக்கை, 2024–25

தலைவர் அவர்களுக்கும் பழவேற்காடு ஏரிக்குள் உள்ள நம் இருக்கம் தீவுச் சங்க உறுப்பினர்களுக்கும் வணக்கம்.

இந்த ஆண்டு செயற்குழு நான்கு முறை கூடியது. ஆகஸ்ட் 15 கொடியேற்றமும் பொங்கல் விளையாட்டுப் போட்டியும் வழக்கம்போல் நடந்தன.

படகுத் தடத்தில் வழி தெரிய அடையாளக் கழி நட்டதைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். 'இந்த வேலை சங்கத்துக்கு எதற்கு?' என்று கேட்டவர்கள் நம்மிலேயே இருக்கிறார்கள். பழவேற்காடு ஏரி பார்க்கத்தான் கடல் மாதிரி. பல இடங்களில் இடுப்பளவுத் தண்ணீர்கூடக் கிடையாது. ஏரி கடலோடு சேரும் ராயதொருவு முகத்துவாரம் மணல் மூடிக் கிடக்கிறது. காளங்கி ஆறு கொண்டுவரும் வண்டல் போக வழியில்லாமல் ஏரியிலேயே தங்குகிறது. கோடையில் படகு கொஞ்சம் தடம் விலகினாலும் சேற்றில் உட்கார்ந்துவிடும். ஸ்ரீஹரிகோட்டாவுக்கு சூளூர்ப்பேட்டையிலிருந்து ஏரிக்குக் குறுக்கே சாலை இருக்கிறது. நமக்கு அரிசி, கேஸ் சிலிண்டர், பிள்ளைகள் படிப்பு, நாம் பிடிக்கும் இறால் எல்லாமே படகில்தான்.

போன சித்திரையில் நிறைமாதமாக இருந்த நம் ஊர் மருமகளை, தரைதட்டிய படகிலிருந்து பிளாஸ்டிக் நாற்காலியில் வைத்து நான்கு பேர் தூக்கிப் போனோம். முழங்கால் வரை சேறு. அடிக்கு அடி காலைப் பிடுங்கி வைக்க வேண்டியிருந்தது. அந்தப் பிள்ளை வலியில் என் காலரை விடவே இல்லை. அக்கரையில் பீமுனிவாரிபாளையம் துறையில் ஏறும்போது விடிந்துவிட்டது. தாயும் சேயும் நலம்.

அந்த வாரமே சவுக்குக் கழிகளில் சிவப்புத் துணி கட்டி, ஆழம் பார்த்து நட்டோம். டார்ச் அடித்தால் ராத்திரியிலும் தெரிகிறது. பிறகு ஒருமுறைகூடப் படகு தட்டவில்லை.

வருகிறேன் என்று கை தூக்கியவர்கள் இருபது பேர். வந்தவர்கள் ஆறு, அதில் இரண்டு பேர் உறுப்பினரே அல்ல, படகோட்டிகள். மூன்று வருடமாகச் சந்தா கட்டாதவர்களும் அந்தக் கழியைப் பார்த்துத்தான் வீடு வந்து சேர்கிறார்கள். பெயர் வாசிக்க எனக்கு மனம் வரவில்லை.

வரவு செலவுக்குக் கிட்டத்தட்டச் சரியாக இருந்தது. துண்டு விழுந்ததைச் சிலர் கைக்காசு போட்டுச் சமாளித்தோம். பில்கள் பொருளாளரிடம் உள்ளன.

துறையில் விளக்கும், பள்ளிப் பிள்ளைகளுக்கு லைஃப் ஜாக்கெட்டும் கேட்டு மனு கொடுத்திருக்கிறோம். 2022இல் மாவட்டம் பிரிந்தபின் நெல்லூருக்குப் பதில் திருப்பதிக்கு அலைகிறோம். பதில் வரவில்லை.

தலைவர், பொருளாளர், ஆசிரியர்கள், படகோட்டிகள், கழி நட்ட அன்று டீக்குக் காசு வாங்காத துறைக் கடை அக்கா அனைவருக்கும் நன்றி.

மழையில் பாதிக் கழிகள் சாய்ந்துவிட்டன. வெயில் ஏறுவதற்குள் நட்டாக வேண்டும். பாக்கிச் சந்தா வந்தாலே கழிக்குப் போதும். வேறு யாராவது பொறுப்பேற்றால் நோட்டையும் சாவியையும் இன்றே தருகிறேன். நானே தொடர வேண்டுமென்றால், வரும் ஞாயிறு காலை ஐந்தரைக்குப் படகு கிளம்புகிறது. கழி சீவ ஆளுக்கொரு கத்தி கொண்டு வாருங்கள்.

இப்படிக்கு,
செயலாளர்